‘கட்’ சொல்லாத காட்சி

ஸாக்ரெப்
14 பிப்ரவரி 1999

அன்புள்ள நெவென்கா அக்காவுக்கு,

தம்பி வெத்ரான் எழுதுகிறேன். ஒரு பல்வலியைத் தவிர இங்கே எனக்குக் குறைவில்லை. உன் முழங்கால் எப்படி இருக்கிறது? பாவோ அத்தான் சுகமா? பள்ளிக்கூடத்தில் இன்னும் நீ ஒருத்திதான் அத்தனை பிள்ளைகளுக்கும் பொங்கிப் போடுகிறாயா?

எனக்குப் படம் கிடைத்துவிட்டது அக்கா. பத்து வருடம் கழித்து! முதல் படத்துக்கு பூலா திரைப்பட விழாவில், அந்தப் பழைய அரங்கத்தில், ஜனங்கள் எழுந்து நின்று கைதட்டியதை நீயே பார்த்தாய். இரண்டாவது படத்துக்கு யாரும் எழுந்திருக்கவில்லை, ஏனென்றால் யாரும் வந்து உட்காரவே இல்லை. அப்புறம் யுத்தம். அதிலிருந்து விளம்பரப் படங்கள்தான்: சோப்புத்தூள், தயிர், வங்கி, மறுபடியும் சோப்புத்தூள். இன்றைக்கு என்னை ‘டைரக்டர்’ என்று கூப்பிடுவது தெருமுனை ரொட்டிக்கடைக்காரி மட்டும்தான், அதுவும் கிண்டலாக.

திரைக்கதை நானே எழுதியது. கதை நம் ஒப்ராதுடையது. ஆமாம், உன் பக்கத்து வீட்டு ஒப்ராத், நாம் பள்ளிக்கூடம் போன பஸ்ஸை ஓட்டியவர். யுத்தம் தொடங்கிய தொண்ணூற்றொன்றில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், செர்பியர் என்பதற்காகச் சாப்பாட்டு மேசையிலிருந்து இழுத்துக்கொண்டு போனார்களே, அந்தக் கதை. போன இலையுதிர்காலத்தில் ஹங்கேரி எல்லைச் சந்தையில் அவர் மனைவி ஸ்தோயான்காவைப் பார்த்தேன். காலுறை விற்றுக்கொண்டிருந்தாள். “யாரு செஞ்சாங்கன்னு நான் கேக்கலப்பா. எங்க போட்டாங்கன்னு சொன்னா போதும்” என்றாள். அன்று அறைக்குப் போனதும் எழுத ஆரம்பித்தேன். படத்தில் அவரைக் கால்நடை மருத்துவராக மாற்றிவிட்டேன், பெயரும் வேறு.

ராகித்தாவிலேயே எடுக்க ஆசை. அன்று நீ வீட்டில்தான் இருந்தாய். உனக்கு என்ன கேட்டது? எழுது. வீட்டு முகவரிக்குப் போட்டால் அத்தான் கையில் சிக்கும் என்றுதான் பள்ளிக்கூடத்துக்குப் போடுகிறேன்.

முத்தங்களுடன்,
உன் வெத்ரான்


ராகித்தா
3 மார்ச் 1999

அன்புத் தம்பி வெத்ரானுக்கு,

அக்காவின் ஆசிகள். பல்லைப் பிடுங்கிவிடு, வைத்துக்கொண்டு அழாதே. என் முழங்கால் மழை வருமுன் சொல்கிறது, மற்றபடி பரவாயில்லை. பன்றி அடித்து முடித்தோம். இந்த வருடத் தொத்திறைச்சியில் காரம் தூக்கல். உனக்கு இரண்டு தனியாகத் தொங்கவிட்டிருக்கிறேன்.

உனக்குப் படம் கிடைத்தது சந்தோஷம். அதை ராகித்தாவில் எடுக்காதே. ஒப்ராதின் வீட்டில் எடுக்க எதுவுமில்லை. கூரை எரிந்துபோயிற்று, கதவு ஜன்னலை ஆளுக்கொன்றாகக் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். உள்ளே காட்டுச்செடி மண்டிக் கிடக்கிறது.

எழுதுகிறவன் ஒன்றை மறக்கக் கூடாது. அந்த ஞாயிற்றுக்கு முந்தின வாரம்தான் உன் அத்தானின் தம்பி தூன்யாவைக் கொண்டுவந்தார்கள். செர்பியர்களின் பீரங்கி ஷெல் விழுந்து, பெட்டியைத் திறக்கக்கூட முடியாத நிலை. அவனுக்கு இருபத்திரண்டு வயசு. உன் அத்தான் அன்றிலிருந்து சரியாகத் தூங்குவதில்லை. விடிய விடிய அடுப்படியில் உட்கார்ந்திருக்கிறார். போனும் அடுப்படியில்தான் இருக்கிறது, அதனால் போன் பண்ணாதே. உன் பெயரை எடுத்தாலே ராக்கியாச் சாராய டம்ளர் பறக்கிறது. “ஊரே சாகும்போது ஸாக்ரெப்ல உக்காந்து தயிர் வித்தவன்தானே?” என்கிறார்.

அன்று என்ன கேட்டது என்று கேட்டாய். சூப் கொதித்துக்கொண்டிருந்தது. அதுதான் கேட்டது.

உடம்பைப் பார்த்துக்கொள். நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா நெவென்கா


ஸாக்ரெப்
20 மார்ச் 1999

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதமும் தொத்திறைச்சியும் வந்தன. பல் போயிற்று, வலி போகவில்லை. நீங்கள் இருவரும் நலமாக இருக்க வேண்டுகிறேன்.

சரி, நீ சொன்னபடி ராகித்தாவை விட்டுவிட்டேன். மலைக்கு அந்தப் பக்கம் ஸ்லாத்னிக் என்று ஒரு ஊர் பார்த்திருக்கிறேன். நம் ஊரைப் பிரதியெடுத்த மாதிரி இருக்கிறது. அதே ஒற்றைத் தெரு, முன்னால் ஆறு, பின்னால் கைவிட்ட செங்கல் சூளை. ஜூனில் ஷூட்டிங். மருத்துவராக லோவ்ரோ நடிக்கிறார். மேடை நாடகத்துக்காரர், அறுபது வயது, சாதுவான முகம். தயாரிப்பாளர் பெரிஸ்லாவ் பாதிப் பணத்தைத்தான் கண்ணில் காட்டியிருக்கிறார். “கூட்டத்துக்கு உள்ளூர் ஆளுங்களப் பிடி, பீர் வாங்கிக் குடு, போதும்” என்கிறார்.

கோபித்துக்கொள்ளாதே, ஒன்று கேட்கிறேன். உங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் இருப்பது ஒரு வேலி. ஒரு ஆளை அடித்து இழுத்துக்கொண்டு போகிற சத்தத்தைவிடவா சூப் கொதிக்கிற சத்தம் பெரிது? எனக்கு அந்தக் காட்சியில் ஓசை வேண்டும் அக்கா. கதவா, நாயா, ஸ்தோயான்காவின் அலறலா, எது முதலில் கேட்டது? நீ சொல்லாவிட்டால் நான் இட்டுக்கட்டத்தான் வேண்டும்.

பதிலுக்குக் காத்திருக்கும்,
வெத்ரான்


ராகித்தா
2 ஜூன் 1999

தம்பி வெத்ரான்,

நலமாக இரு. நாங்கள் இருக்கிறோம்.

இத்தனை நாள் எழுதாததற்குக் காரணம் உண்டு. உன் படத்தைப் பற்றி ஏப்ரலில் பத்திரிகையில் வந்தது. ஊர் பெயர் இல்லை, ஆனால் யாருக்குத்தான் தெரியாது? மறுநாள் காலையில் என் கோழிகள் எல்லாம் கழுத்து திருகிக் கிடந்தன. தலைகளை மட்டும் வாசல் கதவில் வரிசையாக ஆணியடித்து வைத்திருந்தார்கள். நான் பிடுங்கிக் கழுவினேன். உன் அத்தான் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். “உன் தம்பி ஆடற ஆட்டத்துக்குக் கோழியோட போச்சேன்னு சந்தோஷப்படு” என்றார்.

இப்போது விஷயம். வேட்டைக் கழகத்து ஆட்கள் மூன்று பேரோடு அவர் ஸ்லாத்னிக்குக் கிளம்பப்போகிறார். படத்தில் கூட்டத்துக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். “மச்சான் நம்மள எப்படிக் காட்டறான்னு பாத்துட்டு வரேன்” என்கிறார், சிரித்துக்கொண்டே. அவர் சிரித்து நான் பார்த்து எத்தனையோ வருடம் ஆயிற்று.

அவரைச் சேர்த்துக்கொள்ளாதே. சாராயம் வாங்கிக் கொடு, மரியாதையாகப் பேசு, திருப்பி அனுப்பிவிடு. ஆளை இழுத்துக்கொண்டு போகிறவர்கள் போடும் அந்த உடுப்பை அவருக்கு மாட்டாதே. கையில் எதையும் கொடுக்காதே. ஸ்லாத்னிக்கில் எங்கே தங்குகிறாய் என்று நீ எழுதவே இல்லை. இது ஸாக்ரெப் முகவரிக்குத்தான் வருகிறது. சீக்கிரம் கிடைக்க வேண்டும்.

அக்கா


ஸ்லாத்னிக்
19 ஜூன் 1999

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னிடமிருந்து கடிதமே இல்லையே, உடம்புக்கு ஏதும் இல்லையே? அவசரமாக எழுதுகிறேன். எழுத்து புரியாவிட்டால் பொறுத்துக்கொள்.

செவ்வாய்க்கிழமை காலை ஒரு வேன் வந்து நின்றது. இறங்கியது பாவோ அத்தான். எட்டு வருடத்துக்குப் பிறகு என்னைக் கட்டிப்பிடித்தார். “என்ன மச்சான், எங்களுக்கெல்லாம் சான்ஸ் குடுக்க மாட்டியா? ஸாக்ரெப் மூஞ்சியெல்லாம் வேட்டைக்காரன் மாதிரியா இருக்கு?” என்றார். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். உண்மையைச் சொல்கிறேன், அந்த முகத்தைப் பார்த்ததும் எனக்கு ஆசை வந்துவிட்டது. அப்படி ஒரு முகத்தை எந்த நடிகனாலும் கொண்டுவர முடியாது. சமாதானத்துக்கும் ஒரு வழியாயிற்று என்று நினைத்தேன். உடுப்பு கொடுக்கச் சொன்னேன்.

காட்சி இதுதான். மருத்துவர் மேசையில் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். நாலு பேர் வருகிறார்கள். “சாப்ட்டு முடிச்சுட்டு வரேனே” என்கிறார். சட்டையைப் பிடித்து வெளியே கூட்டிப்போய், ஆற்றுப் பக்கம் நடக்கிறார்கள். அவ்வளவுதான். அடி இல்லை. ஒத்திகையில் எல்லாம் ஒழுங்காக நடந்தது.

கேமரா ஓடியதும் பாவோ கதவை உதைத்தார். கீல் பிடுங்கிக்கொண்டது. லோவ்ரோ வசனத்தை ஆரம்பித்தார். தட்டோடு சூப்பைத் தூக்கி அவர் முகத்தில் அடித்தார் பாவோ. “எந்திரிடா பஸ்காரா!” என்றார்.

பஸ்காரன். என் திரைக்கதையில் பஸ்ஸே கிடையாது அக்கா.

நாற்காலிக் காலை உடைத்து எடுத்து அடித்தார். விலா எலும்பு ஒடிகிற சத்தம் ஒலிப்பதிவில் துல்லியமாக விழுந்திருக்கிறது. கூட வந்தவர்கள் அதுவரை நடித்தார்கள், பிறகு சுவரோரம் ஒதுங்கிக்கொண்டார்கள். பாவோ தன் பையிலிருந்து ஒரு கம்பியை எடுத்தார். நாங்கள் கொடுத்ததில்லை அது. லோவ்ரோவைக் குப்புறத் தள்ளி, முதுகுக்குப் பின்னால் கட்டை விரலோடு கட்டை விரலைச் சேர்த்து இரண்டு முறுக்கு முறுக்கினார். யோசிக்காமல் செய்தார், நீ மாவு பிசைவாயே அப்படி. மயிரைப் பிடித்து வெளியே இழுத்து வந்தார். ஆற்றுப் பக்கம் போகவில்லை. வீட்டுக்குப் பின்னால் திரும்பி நேராகச் சூளைக்குப் போனார். அந்த ஊருக்கு அவர் அன்றுதான் முதல்முறை வருகிறார். கால் அது பாட்டுக்குப் போயிற்று. கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு பின்னாலேயே ஓடினோம். சூளைச் சுவரில் யாரோ சாத்திவைத்திருந்த மண்வெட்டியை எடுத்து, முழங்காலிட வைத்து, தட்டைப் பக்கத்தால் காதோடு சேர்த்து அடித்தார். லோவ்ரோ விழுந்தார். திருப்பி நிமிர்த்தி மறுபடி அடித்தார்.

பிறகு அது நின்றது.

லோவ்ரோவுக்கு விலா மூன்று போயிற்று, முன்பற்கள் போயின. இடது காது இனிக் கேட்காது என்கிறார்கள். பாவோ உடுப்பைக் கழற்றி மடித்து மேசைமேல் வைத்துவிட்டு, “நல்லா இருந்துச்சா மச்சான்?” என்று கேட்டுவிட்டு வேனில் ஏறிப் போய்விட்டார்.

அக்கா, நம் ஊர் சூளைக்குப் பின்னால் என்ன இருக்கிறது?

வெத்ரான்


ராகித்தா
5 ஜூலை 1999

வெத்ரானுக்கு,

சுகம். கேட்காமலே சொல்லிவிடுகிறேன். உன் சுகத்தையும் எழுது.

நான் ஜூன் ஆரம்பத்தில் எழுதியது உனக்குக் கிடைக்கவே இல்லை என்று தெரிகிறது. தேடிப் படி.

அவர் செவ்வாய் சாயங்காலம் வந்தார். சட்டைக் கையில் இரத்தம். “சினிமா இரத்தம்” என்றார். சினிமா இரத்தம் தண்ணீரில் போய்விடும், இது போகவில்லை. ரொட்டியும் பன்றிக்கொழுப்பும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். படுத்தவர் மறுநாள் மத்தியானம்வரை தூங்கினார். எட்டு வருடத்தில் அப்படி அவர் தூங்கியதில்லை. குறட்டைச் சத்தத்தில் நான் திண்டாடிப்போனேன்.

உன் கடிதத்தைச் சரக்கறையில் வைத்து மூன்று தடவை படித்தேன். எல்லாம் விவரமாக எழுதியிருக்கிறாய். கீல், தட்டு, முறுக்கு. எப்போதும் நீ அப்படித்தான், சின்ன வயதிலும் கண்ணில் பட்ட ஒன்றையும் விட மாட்டாய். ஒரு இடத்தில் மட்டும் “பிறகு அது நின்றது” என்று எழுதியிருக்கிறாய். மழை தானாக நிற்கும். அடி தானாக நிற்காது தம்பி. எனக்குத் தெரியும்.

யார் நிறுத்தினார்கள்?

அந்தப் பெரியவரைப் போய்ப் பார். ஏதாவது வாங்கிக்கொண்டு போ.

அக்கா


ஸாக்ரெப்
10 செப்டம்பர் 1999

அன்புள்ள அக்காவுக்கு,

நீ நலமா? உனக்குப் பதில் எழுத உட்கார்ந்து உட்கார்ந்து எழுந்துவிட்டேன், ஒரு கோடை போய்விட்டது.

உன் ஜூன் கடிதம் இங்கே மின்சார பில்களுக்கு நடுவில் கிடந்தது. படித்தேன்.

நான் நிறுத்தவில்லை. படச்சுருள் தீர்ந்து கேமரா தானாக நின்றது. அதுவரை என் வாயிலிருந்து ‘கட்’ வரவில்லை. கேமராக்காரன் ஒருமுறை கண்ணை எடுத்து என்னைப் பார்த்தான். ஓடட்டும் என்று கையைக் காட்டினேன். ஆமாம், கையைக் காட்டினேன். சுருள் தீர்ந்த பிறகும் பாவோ அடித்துக்கொண்டிருந்தார். மேக்கப் போடுகிற ஸ்தென்கா என்ற பெண்தான் ஓடிவந்து, தன் தகரப்பெட்டியால் அவர் மண்டையில் போட்டாள். “நீங்கள்லாம் மனுஷங்களாடா!” என்று கத்தினாள். அவரைப் பார்த்து மட்டும் கத்தவில்லை.

லோவ்ரோவைப் போய்ப் பார்த்தேன், ஆரஞ்சு வாங்கிக்கொண்டு. பல்லில்லாத வாயால் என்ன கேட்டார் தெரியுமா? “நல்லா வந்திருக்கா?” என்று கேட்டார். “ரொம்ப நல்லா வந்திருக்கு” என்றேன். சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். தோள் குலுங்கியது. ஆரஞ்சை ஜன்னலில் வைத்துவிட்டு வந்தேன்.

உண்மையிலேயே நன்றாக வந்திருக்கிறது, அதுதான் சங்கடம். நான் எடுத்ததிலேயே அதுதான் சிறந்தது. பெரிஸ்லாவ் எடிட்டிங் அறையில் எழுந்து நின்றுவிட்டார். “இந்த ஒரு சீன் போதும்யா, பரிசெல்லாம் நம்ம வீட்டு வாசல்ல வந்து நிக்கும்” என்றார். எனக்கு நாற்பத்தைந்து வயது. இதை விட்டால் மறுபடியும் சோப்புத்தூள்தான். லோவ்ரோ சம்மதித்துக் கையெழுத்துப் போட்டுவிட்டார். அந்தக் காட்சியை வைக்கிறேன். யார் முகம் என்று வெளியே யாருக்கும் தெரியப்போவதில்லை.

என்னைத் திட்டியாவது எழுது.

வெத்ரான்


ராகித்தா
21 நவம்பர் 1999

வெத்ரான்,

இது இடது கையால் எழுதுவது. அதனால் சுருக்கம்.

உன் தயாரிப்பாளர் வாரப் பத்திரிகைக்கு அந்தக் காட்சியின் புகைப்படம் கொடுத்திருக்கிறார். மண்வெட்டியோடு பாவோ, அரைப் பக்கத்துக்கு. தபால்காரரே கொண்டுவந்து காட்டினார். பாவோ பார்த்தான், மடித்தான். “உன் தம்பிகிட்ட என்னடி சொன்னே?” என்றான். ஒன்றும் சொல்லவில்லை என்றேன். அது உண்மையும்கூட. அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. என் வலது கையைப் பிடித்து அடுப்புத் தகட்டின்மேல் வைத்து, தன் கையால் அழுத்திக்கொண்டான். அவன் கையும் கொஞ்சம் வெந்தது. எடுக்கவில்லை.

பள்ளிக்கூடச் சரக்கறையில் இருக்கிறேன். தோல் வைத்துத் தைத்திருக்கிறார்கள். விரல் மடங்கவில்லை.

நான் ஜன்னலைச் சாத்தினேன். நீ கேமராவைச் சாத்தவில்லை. நம் இரண்டு பேருக்கும் அம்மா ஒருத்திதான், வேறென்ன சொல்ல.

வராதே. சாப்பிடு.

நெவென்கா


ஸாக்ரெப்
16 பிப்ரவரி 2000

அன்புள்ள அக்காவுக்கு,

கை எப்படி இருக்கிறது? மருந்து அனுப்பியது வந்ததா? என்னைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

உன் கடிதம் வந்த அன்றே அந்தக் காட்சியின் நெகட்டிவையும் பிரதியையும் தூக்கிக்கொண்டு ஒசியெக் நகர அரசு வழக்கறிஞரிடம் போனேன். அவருக்குப் போட்டுக் காட்டினேன். பஸ்காரன் என்ற சொல்லையும், சூளைப் பக்கம் திரும்புகிற இடத்தையும் சொன்னேன். ஜனவரியில் ராகித்தா சூளைக்குப் பின்னால் தோண்டினார்கள். நீயும் பார்த்திருப்பாய், ஊரே பார்த்ததாமே. முழ ஆழத்திலேயே கிடைத்துவிட்டார். மண்டையோட்டின் இடது பக்கம் உள்ளே போயிருந்தது. கட்டை விரல் எலும்புகளைச் சுற்றிக் கம்பி, இரண்டு முறுக்கு.

பாவோவைப் பிடித்தார்கள், மூன்றாம் நாள் விட்டார்கள். “சினிமாவில் நடித்ததைக் குற்ற ஒப்புதலாக எடுத்துக்கொண்டால் நாட்டில் பாதி நடிகர்களைத் தூக்கில் போட வேண்டும்” என்றாராம் நீதிபதி. கம்பி எல்லோர் வீட்டிலும் இருக்கிறது என்றாராம். தொண்ணூற்றொன்றில் அவனோடு போன இருவரில் ஒருவன் செத்துவிட்டான், இன்னொருவன் ஜெர்மனியில்.

விட்ட இரண்டாம் நாள் காலை பாவோ இங்கே வந்தான். நான் ரொட்டி வாங்கிக்கொண்டு திரும்புகிறேன், வாசலில் நிற்கிறான். முதல் அடியிலேயே தாடை போயிற்று. கீழே விழுந்ததும் மாடிப்படி விளிம்பில் என் வாயை வைத்துப் பிடரியில் மிதித்தான். ரொட்டிக்கடைக்காரி தட்டு தூக்கும் கம்பியோடு ஓடிவந்து கத்தியிருக்காவிட்டால் இந்தக் கடிதம் இல்லை. தாடையைக் கம்பி போட்டுக் கட்டியிருக்கிறார்கள். குழாயால் கஞ்சி குடிக்கிறேன். விழுந்து கிடக்கும்போது எனக்கு ஒரே நினைப்பு, யாராவது போதும் என்று சொல்ல மாட்டார்களா என்பதுதான். லோவ்ரோவும் அதையேதான் நினைத்திருப்பார், என்னைப் பார்த்துக்கொண்டு.

என்னை அடித்ததற்காக உள்ளே இருக்கிறான். அது சில மாதம்தான். ஒப்ராதின் வழக்கு நிற்க வேண்டுமானால் பார்த்தவர் சொல்ல வேண்டும். மனைவி சாட்சி சொல்ல மறுக்கலாம், சட்டம் இடம் கொடுக்கிறது, யாரும் வற்புறுத்த முடியாது. நானும் வற்புறுத்தவில்லை. கிளம்பி இங்கே வந்துவிடு. இரண்டு அறை இருக்கிறது.

நெகட்டிவைத் திருப்பித் தர வேண்டாம் என்று நீதிமன்றத்துக்கு எழுதிக் கொடுத்துவிட்டேன். பெரிஸ்லாவ் கையைக் கழுவிக்கொண்டு போய்விட்டார். படம் நின்றுவிட்டது. தயிர்க்காரர்கள் கூப்பிட்டார்கள், வருகிறேன் என்று காகிதத்தில் எழுதிக் காட்டினேன்.

வெத்ரான்


ராகித்தா
15 அக்டோபர் 2000

அன்புத் தம்பி வெத்ரானுக்கு,

தாடை இப்போது மெல்ல விடுகிறதா? கடினமானதைக் கடிக்காதே. என் விரல்கள் பாதி மடங்குகின்றன. இதை வலது கையால்தான் எழுதுகிறேன், மூன்று நாளாக.

ஒப்ராதின் வழக்கு விசாரணைக்கு வராதே என்று ஒரு வரியில் எழுதியதும் உனக்குக் கோபம் வந்து பதிலே போடாமல் விட்டுவிட்டாய். நீ வந்தால் பின் வரிசையில் உட்கார்ந்து பார்ப்பாய். எங்கே கேமரா வைக்கலாம் என்று உன்னை அறியாமல் பார்ப்பாய். அதனால்தான் வேண்டாம் என்றேன். இப்போது நானே எழுதுகிறேன். நீ முதல் கடிதத்தில் கேட்டதுதான்.

முதலில் நாய் குரைத்தது. அதைச் சுட்டார்கள். அப்புறம்தான் கதவு. மூன்று பேர். ஸ்தோயான்காவைச் சரக்கறையில் தள்ளிப் பூட்டினார்கள், அவள் உள்ளிருந்து கதவை உதைத்துக்கொண்டே இருந்தாள். ஒப்ராதை முற்றத்தில் போட்டு அடித்தார்கள். பாவோ ஒவ்வொரு அடிக்கும் “தூன்யா, தூன்யா” என்று சொன்னான். ஒப்ராத் என்னை ஜன்னலில் பார்த்துவிட்டார். “நெவென்கா! பாவோகிட்ட சொல்லும்மா! நான் என்ன பண்ணேன்னு கேளும்மா!” என்றார். நான் சாத்திவிட்டேன். தெருவில் மற்ற ஜன்னல்களும் சாத்துகிற சத்தம் கேட்டது. பிறகு சூளைப் பக்கமிருந்து இரண்டு தடவை, ஈரத்துணியைக் கல்லில் அடிக்கிற மாதிரி. பாவோ வந்து கிணற்றடியில் மண்வெட்டியைக் கழுவினான். சாப்பிட உட்கார்ந்தான். “உப்பு பத்தல” என்றான். உப்பு எடுத்துக் கொடுத்தேன்.

நீதிமன்றத்தில் இதைத்தான் சொன்னேன். நீதிபதி, “நீங்கள் சொல்லாமலும் இருக்கலாம், தெரியுமா?” என்று கேட்டார். “தெரியும், எழுதிக்கோங்க” என்றேன். பாவோ முழு நேரமும் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். கடைசியில் எழுந்து, “அவ பொய் சொல்லமாட்டா” என்றான். அவ்வளவுதான் சொன்னான். பன்னிரண்டு வருடம் போட்டார்கள்.

வெளியே வந்ததும் அவன் சித்தப்பா என் முகத்தில் துப்பினார். யாரோ கல்லை விட்டெறிந்தார்கள், புருவத்தில் தையல். பள்ளிக்கூடத்தில் வேலை இல்லை என்றுவிட்டார்கள், நான் சமைத்ததைப் பிள்ளைகள் சாப்பிடக் கூடாதாம்.

போன சனிக்கிழமை ஒப்ராதை அடக்கம் செய்தார்கள். செர்பியர்களுடைய கல்லறைத்தோட்டத்தில் முள் மண்டிக் கிடந்தது, முந்தின நாள் அரிவாளோடு போய் நான் வெட்டி வைத்தேன். பாதிரியார் வெளியூரிலிருந்து வந்தார். எல்லைக்கு அப்பால் நோவி சாதிலிருந்து ஸ்தோயான்காவும் அவள் அண்ணனும் வந்தார்கள். குழிவெட்டிகள் இரண்டு பேர். ராகித்தாவிலிருந்து யாருமில்லை. பெட்டியை இறக்க நாலு கயிறு, பிடிக்க மூன்று ஆண்கள். பாதிரியார் தெருப் பக்கம் எட்டி எட்டிப் பார்த்தார், யாராவது வருவார்களா என்று. கொஞ்ச நேரம் எல்லோரும் நின்றோம்.

நான் போய் நாலாவது கயிற்றை எடுத்தேன். ஸ்தோயான்காவின் அண்ணன், “நீ விடு” என்றார். அவர் என் கையைப் பார்த்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். நால்வருமாகத் தூக்கினோம். பெட்டியில் எலும்புதான், ஆனாலும் கனம். பாதியில் புதுத்தோல் பிய்ந்து கயிறு வழுக்க ஆரம்பித்தது. என் மூலை சரியப் பார்த்தது. கயிற்றை முன்கையில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டேன்.

அப்போது ஸ்தோயான்கா என் பக்கத்தில் வந்து நின்றாள். என்னைப் பார்க்கவில்லை, குழியைத்தான் பார்த்தாள்.

“மெதுவா விடு” என்றாள். “அவசரமில்ல.”

குளிர் வருகிறது. கம்பளி போட்டுக்கொள். நான் ஸாக்ரெப் வரவில்லை, இங்கேயேதான் இருப்பேன்.

உன் அக்கா
நெவென்கா